நாடீன் ஆங்கெரர்: கோல்கீப்பராகவும் பயிற்சியாளராகவும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

2025 ஜூலையில் சுவிட்சர்லாந்தில் நடந்த ஐரோப்பிய மகளிர் கால்பந்துக் கோப்பையைத் தொலைக்காட்சியில் பார்த்த நண்பர்கள் சிலர், சுவிஸ் கோல்கீப்பர்களுக்குப் பயிற்சி தரும் அந்த ஜெர்மானியப் பெண்மணி யார் என்று கேட்டார்கள். அவர் ஒரு காலத்தில் உலகின் சிறந்த வீராங்கனை என்ற பட்டத்தைப் பெற்றவர் என்று சொன்னதும், அதிலிருந்து வேறு பத்துக் கேள்விகள் கிளம்பின. ஒரே பதிலைப் பலருக்கும் தனித்தனியாகச் சொல்லி அலுத்துவிட்டதால், வந்த கேள்விகளை வந்த வாக்கிலேயே தொகுத்து இங்கே எழுதியிருக்கிறேன். எண்ணிட்டிருப்பது, முன்னால் சொன்னதைத் திரும்பச் சொல்லாமல் சுட்டிக்காட்டுவதற்காக.

1. யார் இந்த நாடீன் ஆங்கெரர்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

ஜெர்மன் மகளிர் தேசிய அணியின் முன்னாள் கோல்கீப்பர். பிற்காலத்தில் அதன் கேப்டன். 1978 நவம்பர் 10 அன்று பவேரியாவில் உள்ள லோர் அம் மைன் என்ற ஊரில் பிறந்தவர். 1996 முதல் 2015 வரை நாட்டுக்காக 146 ஆட்டங்கள் ஆடினார். இரண்டு உலகக் கோப்பைகளும் ஐந்து ஐரோப்பியக் கோப்பைகளும் வென்ற அணிகளில் இருந்தவர். 2013ஆம் ஆண்டுக்கான ஃபிஃபாவின் சிறந்த வீராங்கனை விருதைப் பெற்றவர். ஆட்டத்தை நிறுத்தியபின் அமெரிக்காவின் போர்ட்லாந்து தார்ன்ஸ் கிளப்பிலும், 2024 முதல் சுவிட்சர்லாந்து தேசிய அணியிலும் கோல்கீப்பர் பயிற்சியாளராகப் பணியாற்றினார்.

2. ஆஞ்சரரா, அங்கேரரா? பெயரை எப்படித்தான் சொல்வது?

‘ஜ’ ஒலிக்கு அங்கே இடமில்லை. ‘அங்ஙனம்’ என்ற சொல்லில் வரும் மெல்லின ஒலியை நினைவில் வைத்துக்கொண்டு சொன்னால் ஜெர்மானியர்கள் சொல்வதற்கு மிக அருகில் வந்துவிடலாம். எழுத்தில் ‘ஆங்கெரர்’ என்பதே போதும்.

3. சின்ன வயதிலிருந்தே கோல்கீப்பர்தானா?

இல்லை. ஹோஃப்ஷ்டெட்டன் என்ற சிற்றூர்க் கிளப்பில் கோல் அடிக்கும் முன்கள ஆட்டக்காரராகத்தான் தொடங்கினார். இளையோர் ஆட்டம் ஒன்றில் அணியின் கோல்கீப்பர் காயமடைய, யாராவது நின்றாக வேண்டும் என்ற நிலையில் அவர் போய் நின்றார். அங்கே வெளிப்பட்ட திறமை அவருடைய இடத்தையே மாற்றிவிட்டது.

கோல்கீப்பர்கள் பலருடைய கதை இப்படித்தான் தொடங்குகிறது: ஆளில்லாமல் நிற்கவைக்கப்பட்டவர் அங்கேயே தங்கிவிடுகிறார். ஆனால் முன்களத்தில் ஆடிய அனுபவம் வீண்போவதில்லை. பந்தோடு ஓடிவருகிறவர் எந்த நொடியில் தலையைக் குனிந்து உதைக்கத் தயாராவார் என்பது, தானும் அப்படி ஓடியவருக்கு எளிதில் புலப்படும்.

4. முதல் சர்வதேச ஆட்டம் 1996இல் என்கிறார்கள். பிறகு ஏன் 2007 வரை அவரைப் பற்றிப் பேச்சே இல்லை?

ஸில்கே ராட்டன்பெர்க் இருந்தார் என்பதுதான் காரணம். ஆங்கெரரைவிட ஆறு வயது மூத்தவரான ராட்டன்பெர்க், 126 சர்வதேச ஆட்டங்கள் ஆடியவர். 2003இல் ஜெர்மனி முதன்முறையாக மகளிர் உலகக் கோப்பையை வென்றபோது கோலில் நின்றவர். அந்தப் போட்டியின் சிறந்த கோல்கீப்பர் என்ற விருதும் அவருக்கே கிடைத்தது. அப்படிப்பட்ட ஒருவர் நல்ல உடல்நிலையில் இருக்கும்வரை இரண்டாமவர் காத்திருப்பதைத் தவிர வேறு வழியில்லை. முன்கள ஆட்டக்காரராக இருந்தால் கடைசிப் பதினைந்து நிமிடமாவது இறக்கிவிடுவார்கள். நடுக்களத்தில் இடம் மாற்றிப் பார்ப்பார்கள். கோல்கீப்பருக்கு அந்த வாய்ப்பும் கிடையாது. இருப்பது ஓர் இடம், அதில் ஒருவர்.

1996 ஆகஸ்ட் 27 அன்று நெதர்லாந்துக்கு எதிராக முதல் ஆட்டம் ஆடிய ஆங்கெரர், பெரிய போட்டி ஒன்றில் முதல் கோல்கீப்பராக நின்றது 2007 செப்டம்பரில். இடையில் பதினொரு ஆண்டுகள். அந்த உலகக் கோப்பைக்கு முன் ராட்டன்பெர்க்குக்கு முழங்காலில் தசைநார் கிழிந்தது. அவர் தேறி அணிக்குத் திரும்பியபோதும், பயிற்சியாளர் ஸில்வியா நைட் ஆங்கெரரையே முதல் கோல்கீப்பராக வைத்துக்கொண்டார். ராட்டன்பெர்க் அந்த முறை பெஞ்சில் அமர்ந்து உலகக் கோப்பையை வென்றார்.

5. பெஞ்சில் உட்கார்ந்து வாங்கிய பதக்கங்களை அவருடைய கணக்கில் சேர்ப்பது நியாயமா?

கணக்கை முதலில் பிரித்துப் பார்க்கலாம். ஐரோப்பியக் கோப்பை ஐந்தில் 1997, 2001, 2005 மூன்றும் மாற்று கோல்கீப்பராக; 2009, 2013 இரண்டும் முதல் கோல்கீப்பராக. உலகக் கோப்பை இரண்டில் 2003 பெஞ்சில், 2007 களத்தில். ஒலிம்பிக் வெண்கலம் மூன்றில் 2000, 2004 இரண்டும் மாற்று ஆளாக. 2008 மட்டும் முதல் கோல்கீப்பராக. பத்துப் பதக்கங்களில் ஆறு, அவர் காத்திருந்த காலத்தவை.

விதிப்படி அணியில் உள்ள அனைவருக்கும் பதக்கம் உண்டு. அதில் விவாதத்துக்கு இடமில்லை. நியாயமா என்று கேட்டால், நியாயம் என்பதே என் கருத்து. மாற்று கோல்கீப்பர் சும்மா இருப்பதில்லை. அன்றாடப் பயிற்சியில் முதல் கோல்கீப்பருக்குச் சரிசமமான போட்டியாக இருந்து அவரைக் கூர்மையாக வைத்திருப்பதும், ஆட்டத்துக்கு முன் அவருக்குப் பந்தடித்துக் கொடுத்து உடலைச் சூடேற்றுவதும், தான் ஆடப்போவதில்லை என்று தெரிந்தும் ஆடப்போகிறவரைப்போல் தயாராக இருப்பதும் அவர் வேலை. பின்னாளில் ஆங்கெரர் பயிற்சியாளராக எதைச் செய்தாரோ, அதன் பாதியை இந்தப் பதினொரு ஆண்டுகளில் பெஞ்சிலேயே செய்துவிட்டார் என்று சொல்வேன்.

6. அந்தக் காலத்தில் கிளப்பிலும் ஆடவில்லையா?

கிளப்பில் அவர்தான் முதல் கோல்கீப்பர். மியூனிக் நகரில் முதலில் வாக்கர், பிறகு பேயர்ன் கிளப்புகளில் ஆடிவிட்டு, 2001இல் டர்பீனெ போட்ஸ்டாம் அணிக்குப் போனார். பழைய கிழக்கு ஜெர்மனியின் அந்த அணியோடு 2004, 2006 ஆண்டுகளில் ஜெர்மன் லீகையும், 2004 முதல் 2006 வரை தொடர்ந்து மூன்று முறை ஜெர்மன் கோப்பையையும் வென்றார். 2005இல் ஐரோப்பியக் கிளப்புகளுக்கான மகளிர் கோப்பையும் போட்ஸ்டாமுக்குக் கிடைத்தது. இறுதியில் தோற்றது ஸ்டாக்ஹோமின் யூர்கோர்டன் அணி. 2008இல் ஆங்கெரர் போய்ச் சேர்ந்ததும் அந்த யூர்கோர்டனில்தான் என்பது ஒரு வேடிக்கை. பின்னர் ஃபிராங்க்ஃபர்ட், ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் ரோர், கடைசியாக போர்ட்லாந்து.

7. 2007 உலகக் கோப்பையில் உண்மையிலேயே ஒரு கோல்கூட வாங்கவில்லையா?

வாங்கவில்லை. சீனாவில் நடந்த அந்தப் போட்டியில் ஜெர்மனி ஆடிய ஆறு ஆட்டங்கள்: அர்ஜென்டினாவுடன் 11-0, இங்கிலாந்துடன் 0-0, ஜப்பானுடன் 2-0, காலிறுதியில் வட கொரியாவுடன் 3-0, அரையிறுதியில் நார்வேயுடன் 3-0, இறுதியில் பிரேசிலுடன் 2-0. அடித்தது 21, வாங்கியது பூஜ்யம். ஒரு கோலும் வாங்காமல் உலகக் கோப்பையை வென்ற முதல் அணி அது. ஆடவர் உலகக் கோப்பையிலும் அதற்கு முன் எந்த அணியும் அப்படி வென்றதில்லை.

செப்டம்பர் 30 அன்று ஷாங்காயில் நடந்த இறுதி ஆட்டத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். எதிரே இருந்த பிரேசில், அரையிறுதியில் அமெரிக்காவை 4-0 என்று நொறுக்கிவிட்டு வந்த அணி. முதல் பாதியில் டானியெலா அடித்த பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. 52ஆவது நிமிடத்தில் பிர்கிட் பிரின்ஸ் கோல் அடித்து ஜெர்மனியை முன்னிலைக்குக் கொண்டுவந்தார். 64ஆவது நிமிடத்தில் பிரேசிலுக்கு பெனால்ட்டி. பந்தை வைத்தவர் மார்த்தா. அந்தப் போட்டியிலேயே அதிக கோல் அடித்தவர். ஆங்கெரர் பாய்ந்து தடுத்தார். அது கோலாகியிருந்தால் 1-1; ஆட்டத்தின் போக்கு பிரேசிலின் பக்கம் சாய்ந்திருக்கும். 86ஆவது நிமிடத்தில் ஸிமோன லாவ்டெர் தலையால் முட்டி இரண்டாவது கோலைப் போட்டு முடித்துவைத்தார்.

ஒரு பக்கச் செய்தி: அதே போட்டியின் அரையிறுதிக்கு அமெரிக்கப் பயிற்சியாளர், அதுவரை நின்ற ஹோப் சோலோவை உட்காரவைத்து அனுபவசாலியான பிரையானா ஸ்கர்ரியை இறக்கினார், 0-4 என்று தோற்றார்கள். கோல்கீப்பரைத் தேர்ந்தெடுப்பது எவ்வளவு கத்திமேல் நடக்கும் வேலை என்பதற்கு அந்த ஒரே மாதத்தில் இரண்டு பாடங்கள்.

8. 540 நிமிடம் என்கிறார்கள், 622 என்கிறார்கள், 679 என்றும் படித்தேன். எது சரி?

மூன்றும் சரி, மூன்றும் வெவ்வேறு கணக்கு. 2007 போட்டியில் மட்டும் ஆறு ஆட்டம், ஆட்டத்துக்குத் தொண்ணூறு நிமிடம் என்று எடுத்தால் 540. 1990இல் இத்தாலியின் வால்டர் ஸெங்கா ஆடவர் உலகக் கோப்பையில் வைத்திருந்த 517 நிமிடத்தைத் தாண்டிய எண் இது.

அடுத்த உலகக் கோப்பை 2011இல் ஜெர்மனியில் நடந்தது. பெர்லினில் கனடாவுடன் நடந்த முதல் ஆட்டத்தின் 82ஆவது நிமிடத்தில் கிறிஸ்டீன் சின்க்ளேர் ஃப்ரீகிக்கில் கோல் அடித்தார். 540உடன் 82ஐக் கூட்டினால் 622. இது ஆங்கெரரின் தனிக் கணக்கு. 2003 இறுதியில் ஸ்வீடன் 41ஆவது நிமிடத்தில் கோல் அடித்தபின், 98ஆவது நிமிடத்தின் தங்க கோலில் (கூடுதல் நேரத்தில் முதல் கோல் விழுந்ததுமே ஆட்டம் முடியும் அன்றைய முறை) ஆட்டம் முடியும்வரை ஜெர்மனி வேறு கோல் வாங்கவில்லை. அந்த 57 நிமிடத்தையும் சேர்த்தால் 679. அதில் முதல் 57 ராட்டன்பெர்க்குக்கு உரியது என்பதால், 679 என்பதை அணியின் கணக்காகத்தான் சொல்ல வேண்டும்.

9. தடுப்பாட்டம் அவ்வளவு வலுவாக இருந்தால் யார் நின்றாலும் கோல் விழாதே? இதில் அவருக்கு என்ன பெருமை?

பாதி உண்மை. அர்ஜென்டினாவுடனான ஆட்டத்தில் அவருக்கு அதிகம் வேலை இருக்கவில்லை. ஆனால் வேலையே இல்லாத எண்பது நிமிடத்துக்குப் பிறகு வரும் ஒரே பந்தைப் பிடிப்பதுதான் வலுவான அணியின் கோல்கீப்பருக்கு உள்ள சிரமம். ஓயாமல் பந்து வரும் பலவீனமான அணியில் கை தானாகச் சூடாக இருக்கும், இங்கே அப்படியில்லை. இடையில் தடுப்பாட்டக்காரர்களை இடம்மாற்றி நிறுத்தச் சொல்லிக் குரல் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். மேலும் பெனால்ட்டிக்குத் தடுப்பாட்டம் உதவாது. 2007இல் மார்த்தா, 2013இல் இருவர், 2015இல் ஒருவர் (11, 13ஆம் பதில்கள்) ஆகியோருக்கு எதிரே அவர் தனியாகத்தான் நின்றார்.

10. பெண்களுக்கு கோல் கம்பம் சிறியதா?

ஒரே அளவுதான்: அகலம் 7.32 மீட்டர், உயரம் 2.44 மீட்டர், பெனால்ட்டிப் புள்ளியிலிருந்து 11 மீட்டர். ஆங்கெரரின் உயரம் 1.75 மீட்டர். ஆடவர் கோல்கீப்பர்கள் பலர் 1.90க்கு மேல். ஆகவே குறுக்குக் கம்பத்தை ஒட்டி வரும் பந்துக்குப் பெண் கோல்கீப்பர்கள் கையை நீட்டினால் மட்டும் போதாது. எங்கே நிற்கிறார்கள், எத்தனை சீக்கிரம் காலை நகர்த்துகிறார்கள் என்பதே தீர்மானிக்கும். மகளிர் ஆட்டத்தில் கோல்கீப்பர்களைக் குறைத்துப் பேசுகிறவர்கள் இந்த எண்களை ஒருமுறை பார்த்துவிட்டுப் பேசலாம்.

11. 2013 ஐரோப்பிய இறுதி ஆட்டத்தைப் பற்றி ஏன் அவ்வளவு சொல்கிறார்கள்?

ஒரே இறுதி ஆட்டத்தில், வழக்கமான நேரத்துக்குள், இரண்டு பெனால்ட்டிகளைத் தடுத்தார் என்பதால். 2013 ஜூலை 28, ஸ்வீடனின் சோல்னா, எதிரணி நார்வே. முதல் சுற்றில் இதே நார்வேயிடம் ஜெர்மனி 0-1 என்று தோற்றிருந்தது. இறுதியின் முதல் பாதியில் ட்ரீனெ ரோனிங் உதைத்த பெனால்ட்டியைக் காலால் தடுத்தார். இரண்டாம் பாதியில் ஆன்யா மிட்டாக் ஜெர்மனிக்கு ஒரு கோல் போட்டார். ஒரு மணி நேரம் தாண்டியதும் மீண்டும் நார்வேக்குப் பெனால்ட்டி. இம்முறை ஸூல்வைக் குல்பிரான்ட்ஸன். அதையும் தடுத்தார். 1-0 என்று முடிந்தது.

2011இல் சொந்த மண்ணில் நடந்த உலகக் கோப்பையின் காலிறுதியில் கூடுதல் நேரத்தில் ஜப்பானிடம் தோற்று, அதனாலேயே 2012 ஒலிம்பிக்குக்கும் தகுதி பெறாமல் போன அணி அது. பிரின்ஸ் ஓய்வுபெற்றபின் கேப்டன் பட்டை ஆங்கெரரின் கைக்கு வந்திருந்தது. சோல்னாவில் போட்டியின் சிறந்த வீராங்கனை விருதும் அவருக்குக் கிடைத்தது.

12. உலகின் சிறந்த விருதை வென்ற முதல் கோல்கீப்பர் என்கிறீர்கள். அப்படியானால் யாஷின்?

இந்தக் கேள்வியைக் கேட்காத ஆளே இல்லை. சோவியத் ஒன்றியத்தின் லெவ் யாஷின் 1963இல் பெற்றது பிரெஞ்சுப் பத்திரிகை ஒன்று வழங்கிய தங்கப் பந்து. அன்று அது ஐரோப்பிய ஆட்டக்காரர்களுக்கு மட்டுமானது. ஆங்கெரர் பெற்றது ஃபிஃபா வழங்கும் ஆண்டின் சிறந்த உலக வீராங்கனை விருது. ஃபிஃபாவின் அந்த விருதை ஆடவரிலும் மகளிரிலும் வென்ற முதல் கோல்கீப்பர் அவரே. ஆடவர் பிரிவில் 2002இல் ஆலிவர் கான் இரண்டாம் இடமும், 2014இல் மானுவல் நாயர் மூன்றாம் இடமும்தான் பெற முடிந்தது.

2014 ஜனவரி 13 அன்று ஸூரிக்கில் விருது அறிவிக்கப்பட்டபோது, இறுதிப் பட்டியலில் உடன் இருந்தவர்கள் மார்த்தாவும் அமெரிக்காவின் ஆபி வாம்பாக்கும். இருவருமே கோல் அடிப்பதற்குப் பெயர்பெற்றவர்கள்.

13. கடைசி ஆட்டம் எது? வெற்றியோடு விடைபெற்றாரா?

இல்லை. கடைசி ஆட்டம் 2015 ஜூலை 4 அன்று கனடாவின் எட்மன்டனில், உலகக் கோப்பையின் மூன்றாம் இடத்துக்கானது. கூடுதல் நேரத்தில் ஃபாரா வில்லியம்ஸ் அடித்த பெனால்ட்டி கோலால் இங்கிலாந்து 1-0 என்று வென்றது. இங்கிலாந்து மகளிர் ஜெர்மனியை வென்ற முதல் ஆட்டமும் அதுவே.

ஆனால் நினைவில் நிற்பது அதற்கு எட்டு நாள் முந்தைய மான்ட்ரியால் காலிறுதி. பிரான்ஸுடன் 1-1, கூடுதல் நேரத்திலும் தீர்வில்லை, இரு அணியும் மாறி மாறிப் பெனால்ட்டி உதைக்கும் ஷூட்அவுட். ஜெர்மனியின் ஐந்தும் கோல். பிரான்ஸின் முதல் நான்கும் கோல். ஐந்தாவதாக வந்தவர் பின்னர் மாற்று ஆளாக இறங்கிய இளம் வீராங்கனை க்ளேர் லாவோஷே. ஆங்கெரர் முழங்காலில் பட்டுப் பந்து வெளியே போனது. அப்போது அவருக்கு வயது 36.

14. போர்ட்லாந்தில் பயிற்சியாளரானது எப்படி?

2014இல் ஆட்டக்காரராகத்தான் அங்கே போனார். 2015இல், அந்த ஆண்டோடு ஆட்டத்தை நிறுத்துவதாக அறிவித்தார். 2016 முதல் அதே கிளப்பின் கோல்கீப்பர் பயிற்சியாளர்; 2023 வரை எட்டுப் பருவங்கள்.

இதில் சுவையான ஒரு நிகழ்ச்சி உண்டு. 2015 ஜூனில் அவர் உலகக் கோப்பைக்காகக் கனடாவில் இருந்தபோது, போர்ட்லாந்தில் கோலில் நின்றவர் மாற்று கோல்கீப்பரான மிஷெல் பெட்டோஸ். ஜூன் 19 அன்று கான்சாஸ் சிட்டியுடன் நடந்த ஆட்டத்தில் 0-1 என்று பின்தங்கியிருந்த நிலையில், ஆட்டம் முடிய நொடிகள் இருக்கும்போது பெட்டோஸ் தன் இடத்தை விட்டு எதிரணியின் கோல் முகப்புக்கு ஓடிப்போய்த் தலையால் முட்டிச் சமன் செய்தார். போர்ட்லாந்து ஆடும் அமெரிக்க மகளிர் லீகில் கோல் அடித்த முதல் கோல்கீப்பர் அவர். அவ்வாண்டின் சிறந்த கோல்கீப்பர் விருதும் அவருக்கே. நேற்று தனக்கு மாற்றாக இருந்து இப்படி ஓங்கிவிட்ட ஒருவருக்கு, அடுத்த பருவத்தில் ஆங்கெரர் பயிற்சி கொடுத்தார்.

15. கோல்கீப்பர் பயிற்சியாளர் என்றால் தலைமைப் பயிற்சியாளரா? என்னதான் செய்வார்?

இரண்டும் வேறு. யார் ஆடுவது, எந்த அமைப்பில் ஆடுவது, யாரை எப்போது மாற்றுவது எல்லாம் தலைமைப் பயிற்சியாளரின் முடிவு. கோல்கீப்பர் பயிற்சியாளருக்கு உரியவர்கள் மூன்று பேர். சில கிளப்புகளில் நான்கு பேர். மற்றவர்கள் மைதானத்தின் நடுவில் பயிற்சி செய்யும்போது இவர்கள் ஓர் ஓரத்தில் தனியாக இருப்பார்கள். பயிற்சியாளர் கையிலிருந்து பந்தை விட்டு அரைத்துள்ளலில் உதைப்பார். தரையை ஒட்டி, இடுப்பு உயரத்தில், தலைக்கு மேல் என்று மாற்றி மாற்றி. விழுந்தவர் எழுவதற்குள் அடுத்த பந்து மறுபக்கம் வரும். பக்கவாட்டிலிருந்து உயர்ந்து வரும் பந்துக்கு வெளியே வருவதா, கோட்டிலேயே நிற்பதா என்ற முடிவைத்தான் அதிகம் பழக்குவார்கள். தவறான பாதி அடி எடுத்து வைத்துவிட்டால் திரும்ப வழியில்லை.

களத்துக்கு வெளியே, எதிரணியின் பெனால்ட்டி உதைப்பவர்களைக் காணொளியில் பார்த்துக் குறிப்பெடுப்பது. எல்லாவற்றையும்விடக் கடினமானது, மூன்று பேரில் இரண்டு பேருக்கு ‘இந்த வாரமும் நீ ஆடவில்லை’ என்ற செய்திக்குப் பிறகு உற்சாகம் குறையாமல் பார்த்துக்கொள்வது. 4ஆம் பதிலைப் படித்தவருக்கு, இந்த வேலைக்கு ஆங்கெரர் எப்படித் தேர்ந்தவர் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

16. அவரிடம் பயின்றவர்கள் யாராவது சாதித்திருக்கிறார்களா?

ஏட்ரியானா ஃபிரான்ச் என்ற பெயரை முதலில் சொல்ல வேண்டும். 2016இல் போர்ட்லாந்துக்கு வந்த அவர் 2017, 2018 இரண்டு ஆண்டுகளிலும் அமெரிக்க லீகின் சிறந்த கோல்கீப்பர். 2017 இறுதியில் வட கரோலினாவை 1-0 என்று வென்று போர்ட்லாந்து கோப்பையை எடுத்தபோது கோலில் நின்றவர். 2019இல் உலகக் கோப்பை வென்ற அமெரிக்க அணியில் மாற்று கோல்கீப்பர். டோக்கியோ ஒலிம்பிக்கில் முதல் கோல்கீப்பர் அலிஸா நேயர் அரையிறுதியில் காயமடைய, உள்ளே வந்து, பிறகு வெண்கலப் பதக்க ஆட்டத்திலும் நின்றார்.

2021இல் ஃபிரான்ச் கான்சாஸ் சிட்டிக்கு மாறினார். 2022 அக்டோபர் 29 அன்று வாஷிங்டனில் நடந்த லீக் இறுதியில் எதிரெதிரே வந்த அணிகள் போர்ட்லாந்தும் கான்சாஸ் சிட்டியும். ஒரு கோலில் ஆங்கெரரின் அப்போதைய மாணவி பெல்லா பிக்ஸ்பி. மறு கோலில் பழைய மாணவி ஃபிரான்ச். நான்காவது நிமிடத்திலேயே சோஃபியா ஸ்மித் ஃபிரான்ச்சைச் சுற்றிக்கொண்டு போய் வலைக்குள் தள்ளினார். போர்ட்லாந்து 2-0 என்று வென்றது. பயிற்சியாளருக்கு அன்று மகிழ்ச்சி எத்தனை பங்கு, வருத்தம் எத்தனை பங்கு என்பதை அவரவர் ஊகத்துக்கு விடுகிறேன்.

17. ஜெர்மனியின் ஐரோப்பிய ஆதிக்கத்தை டென்மார்க் முடித்துவைத்ததே, அப்போது இவர்தானே கோல்கீப்பர்?

இல்லை. அது 2017, இவர் அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பே விடைபெற்றுவிட்டார் (13). 1995 முதல் 2013 வரை ஆறு முறை தொடர்ந்து வென்ற ஜெர்மனியை, நெதர்லாந்தின் ராட்டர்டாமில் டென்மார்க் 2-1 என்று வென்றது. ஜூலை 29 அன்று நடக்கவேண்டிய காலிறுதி, கொட்டிய மழையால் மறுநாளுக்குத் தள்ளிப்போன ஆட்டம் அது. ஜெர்மனியின் கோலில் அல்முத் ஷுல்ட். மறுபக்கம் ஸ்டீனா லூக்க பீட்டர்சன். முதல் சுற்றில் நார்வேயின் கரோலின் கிரஹாம் ஹான்சன் உதைத்த பெனால்ட்டியைத் தடுத்தவர். அரையிறுதி ஷூட்அவுட்டில் ஆஸ்திரியா உதைத்த மூன்றில் ஒன்றுகூட அவரைத் தாண்டிக் கோலாகவில்லை. இறுதியில்தான் நெதர்லாந்து 4-2 என்று டென்மார்க்கை மடக்கியது.

ஆங்கெரருக்கும் அந்த ஆட்டத்துக்கும் ஒரு சுற்றுவழித் தொடர்பு உண்டு. ராட்டர்டாமில் டென்மார்க்கின் சமன் கோலைத் தலையால் முட்டிப் போட்ட நாடியா நதீம், அந்தப் பருவத்தில் போர்ட்லாந்தின் முன்கள வீராங்கனை. ஆங்கெரர் வளர்த்த கோல்கீப்பர்களுக்கு எதிராகத்தான் அவர் நாள்தோறும் உதைத்துப் பழகினார்.

18. சுவிட்சர்லாந்தில் என்ன நடந்தது?

2024 ஜனவரியில் பியா ஸுண்ட்ஹாகே தலைமைப் பயிற்சியாளரானபோது ஆங்கெரரும் உடன் சேர்ந்தார். 2025 போட்டியை நடத்தும் நாடு சுவிட்சர்லாந்து, எதிர்பார்ப்பும் அதற்கேற்ப. எல்விரா ஹெர்சோக், லிவியா பெங் என்று ஏறத்தாழ ஒரே தரத்தில் இரண்டு கோல்கீப்பர்கள். போட்டிக்கு முன் பெங் முதலாமவராக அறிவிக்கப்பட்டார். ஹெர்சோக் உட்கார்ந்தார். ராட்டன்பெர்க்கும் ஆங்கெரரும் 2007இல் நின்ற அதே இடம். இம்முறை ஆங்கெரர் மூன்றாவது நாற்காலியில்.

சுவிஸ் அணி நார்வேயிடம் 1-2 என்று தோற்று, ஐஸ்லாந்தை 2-0 என்று வென்று, பின்லாந்துடன் கடைசி நேரக் கோலால் 1-1 என்று சமன் செய்து, முதன்முறையாக ஐரோப்பியக் காலிறுதிக்குள் நுழைந்தது. பெர்னில் ஸ்பெயின் 2-0 என்று வென்றது.

19. பெங் பெனால்ட்டி தடுத்தது ஆங்கெரர் கற்றுக்கொடுத்ததால்தானே?

அவசரப்பட வேண்டாம். அந்தப் போட்டியில் பெங்குக்கு எதிராக நான்கு பெனால்ட்டிகள். நார்வேயின் ஆடா ஹெகெர்பெர்க் வெளியே அடித்தார். பின்லாந்தின் நடாலியா குயிக்கா கோல் அடித்தார். ஸ்பெயினின் மரியோனா வெளியே அடித்தார். அலெக்ஸியா புட்டெயாஸ் உதைத்ததை மட்டும் பெங் தடுத்தார். நான்கில் கையில் பட்டது ஒன்று. வெளியே போன இரண்டுக்கும் கோல்கீப்பரின் நிற்கும் விதம் காரணமாக இருக்கலாம். உதைத்தவரின் பதற்றமும் காரணமாக இருக்கலாம். பயிற்சியாளரின் பங்கை இப்படி எண்ணிப் பிரிக்க முடியாது. தடுத்தது பெங், அதை அவருடைய கணக்கில் எழுதுவதே முறை.

20. இப்போதைய விதிப்படி ஆங்கெரர் தடுத்தவை செல்லுமா? கோட்டை விட்டு முன்னால் வந்துவிட்டார் என்கிறார்களே.

2019இல் விதி மாறியது. பந்து உதைபடும் கணத்தில் கோல்கீப்பரின் ஒரு பாதத்தின் ஒரு பகுதியாவது கோட்டின்மீதோ அதற்கு நேர்மேலோ இருந்தால் போதும் என்பது அன்று முதல் நடைமுறை. அதற்கு முன் உதைபடும்வரை கோட்டிலேயே நிற்க வேண்டும் என்று எழுதியிருந்தாலும், நடுவர்கள் அடிக்கடி கண்டும் காணாமல் விட்டார்கள். அதாவது எழுத்தில் விதி தளர்ந்தது. காணொளி நடுவர் வந்தபின் கண்காணிப்பு இறுகியது.

இறுகியதன் விளைவு அதே ஆண்டு உலகக் கோப்பையில் தெரிந்தது. அர்ஜென்டினாவின் பெனால்ட்டியை ஸ்காட்லாந்தின் லீ அலெக்ஸாண்டர் தடுத்தும், கோட்டைவிட்டு வந்தார் என்று மீண்டும் உதைக்கச் சொன்னார்கள், கோலானது, 3-0 என்று முன்னிலையில் இருந்த ஸ்காட்லாந்து 3-3 என்று சமனாகி வெளியேறியது. ஆங்கெரர் ஆடிய காலத்து ஆட்டங்களை இன்றைய கண்ணாடி போட்டுத் தீர்ப்பளிப்பது சரியாகாது. அந்த மூன்று ஆட்டங்களின் நடுவர்களும் செல்லும் என்றார்கள்.

21. தலைமைப் பயிற்சியாளராக வரவே முடியாதா, கோல்கீப்பர்களுக்கு அந்த வழி மூடியதா?

மூடியதல்ல. 2023இல் போர்ட்லாந்தின் தலைமைப் பயிற்சியாளராக ஆங்கெரருக்கு மேலிருந்த மைக் நாரிஸே முன்னர் கனடா மகளிர் அணிக்குக் கோல்கீப்பர் பயிற்சியாளராக இருந்தவர்தான். அதனால் பாதை இருக்கிறது. ஆனால் கோல்கீப்பர் பயிற்சி என்பதைத் தலைமைப் பதவிக்குப் போகும் படிக்கட்டாக மட்டும் பார்க்க வேண்டியதில்லை. ராட்டன்பெர்க்கும் ஆட்டத்துக்குப்பின் ஜெர்மன் இளையோர் மகளிர் அணிகளில் இதே வேலைக்குத்தான் போனார்.

22. பார்க்க நேரம் குறைவு. ஒரே ஓர் ஆட்டம் சொல்லுங்கள்.

2013 இறுதி. முழுதாகப் பார்க்க முடியாவிட்டால் இரண்டு பெனால்ட்டிகளுக்கும் இடைப்பட்ட அரைமணி நேரத்தைப் பாருங்கள். பந்து வராதபோது அவர் எங்கே நிற்கிறார், யாரைக் கைகாட்டி நகர்த்துகிறார் என்பதைக் கவனியுங்கள். தடுத்த காட்சிகள் இணையத்தில் தனியாகவே கிடைக்கின்றன. அந்த அரைமணி நேரம் கிடைப்பதில்லை.